தாத்தாவின் ராலே சைக்கிள்: காரங்குனிக்குப் போடலாமா, சரி பண்ணலாமா?

செம்பவாங்_பேரன்:
எல்லாருக்கும் வணக்கம். ஈசூன் வீட்டைக் காலி செய்துவிட்டு அடுத்த மாதம் பொங்கோலுக்குக் குடிபோகிறோம். வாசல் நடைவழியில் தாத்தாவின் சைக்கிள் இருபது வருஷமாகச் சுவரில் சாய்ந்தபடியே நிற்கிறது. காரங்குனிக்காரரை, பழைய சாமான் வாங்குபவரை, கூப்பிட்டுக் கொடுத்துவிடு என்கிறார் அம்மா. எனக்கு மனசு வரவில்லை.

தாத்தா செம்பவாங் கடற்படைத் தளத்தில் பெயின்டராக இருந்தார். பிரிட்டிஷ்காரர்கள் 1971-ல் சிங்கப்பூரைவிட்டுக் கிளம்பும்வரை இந்தச் சைக்கிளில்தான் வேலைக்குப் போய்வந்தார். கறுப்பு வண்டி, ஆண்கள் ஓட்டும் பார் வைத்தது. பிரேக்குக்குக் கேபிள் கிடையாது, முழுக்க இரும்புக் கம்பி. பின்சக்கரத்தின் நடு அச்சிலிருந்து சங்கிலி மாதிரி ஒன்று, நகக்கண் அளவுக் கண்ணிகளோடு, வெளியே தொங்குகிறது. அது என்ன? சீட்டுக்குக் கீழே எண் பொறித்த ஒரு தகடும் இருக்கிறது. டயர் இரண்டும் வெடித்துப் பொடியாகிவிட்டன. இதைச் சரி பண்ண முடியுமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழையவண்டி:
தம்பி, காரங்குனிக்குப் போடாதீங்க. முதல் வேலையாக அந்தக் குட்டிச் சங்கிலியைப் பிடித்து இழுக்காமல் இருங்க, அறுந்துவிடும்.

எனக்கு எழுபது தாண்டிவிட்டது. பதினாலு வயதில் ஜாலான் புசார் பக்கம் ஒரு சைக்கிள் கடையில் எடுபிடியாகச் சேர்ந்தவன். நீங்கள் சொல்வது ஸ்டர்மி ஆர்ச்சர் மூன்று கியர் ஹப். ஹப் என்றால் சக்கரத்தின் நடு உருளை. இப்போதைய சைக்கிளில் கியர் எல்லாம் வெளியே தெரியும். இதில் அத்தனையும் ஹப்புக்குள்ளே. அச்சோடு சேர்ந்து 20 பல் வைத்த ஒரு சக்கரம் அசையாமல் நிற்கும். அதைச் சுற்றி நாலு குட்டிப் பல்சக்கரம், அவற்றுக்கு வெளியே 60 பல் வைத்த வளையம். அந்தச் சங்கிலியை எவ்வளவு இழுக்கிறோமோ அதற்கேற்ப உள்ளே பிடி மாறும். மூன்றாவது கியரில் சங்கிலி ஓடும் பின்பல்சக்கரம் மூன்று சுற்று சுற்றினால் சக்கரம் நாலு சுற்று சுற்றும். முதல் கியரில் கால்பங்கு குறைவு, மேட்டில் ஏறச் சுகம். மழை, சேறு எதுவும் உள்ளே போகாது.

ஹப்பின் முதுகில் ஒரு துணியால் மண்ணெண்ணெய் தொட்டுத் துடைத்துப் பாருங்க. ஏடபிள்யூ என்ற எழுத்துக்குப் பக்கத்தில் இரண்டு எண் அடித்திருப்பான். முதல் எண் வருஷம், அடுத்தது மாதம். பார்த்துச் சொல்லுங்க. சீட்டுக்குக் கீழே இருப்பது லைசென்ஸ் தகடு. அந்தக் காலத்தில் சிங்கப்பூரில் சைக்கிளுக்கும் லைசென்ஸ் எடுக்க வேண்டும். அதைக் கழற்றாதீங்க.

செம்பவாங்_பேரன்:
ஐயா, மிக்க நன்றி. இப்போதுதான் துடைத்துவிட்டு வருகிறேன். 57 10 என்று இருக்கிறது! அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். தாத்தா 1958-ல் கல்யாணத்துக்கு முன்னால் இந்த வண்டியை வாங்கினாராம். செயின் கவருக்குள் டார்ச் அடித்துப் பார்த்தால் பெரிய பல்சக்கரத்தில் மூன்று பறவைத் தலை வெட்டியிருக்கிறது, கொக்கு மாதிரி.

பழையவண்டி:
கொக்கு இல்லை, நாரை. அது ராலேயின் முத்திரை. அப்போ வண்டி அசல். 1957 அக்டோபரில் இங்கிலாந்தின் நாட்டிங்ஹாமில் செய்த ஹப் அது. ஃபிராங்க் பௌடன் என்ற பணக்காரர் 1880-களின் கடைசியில் அந்த ஊரில் ராலே தெருவில் இருந்த ஒரு சின்னப் பட்டறையில் பங்கு வாங்கினார். அந்தத் தெருவின் பெயர்தான் கம்பெனிக்கும். 1951-ல் ஒரே வருஷத்தில் பத்து லட்சம் சைக்கிளுக்கு மேல் செய்தார்கள். மூன்று கியர் ஹப் 1902-ல் வந்தது. ஸ்டர்மி, ஆர்ச்சர் என்று இரண்டு பேருடைய பெயரைச் சுமக்கிறது, ஆனால் அதை உட்கார்ந்து வடிவமைத்தவர் வில்லியம் ரைலி என்ற பொறியாளர். அவர் பெயர் ஹப்பில் இல்லை. எனக்கு அது இன்றைக்கும் வருத்தம்தான்.

ஜூரோங்_ராஜன்:
ஐயா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். ராலேயின் நாட்டிங்ஹாம் தொழிற்சாலை 2002-ல் மூடியது. ஹப் செய்த ஸ்டர்மி ஆர்ச்சர் கம்பெனியை அதற்கு இரண்டு வருஷம் முன்பே தைவானின் சன்ரேஸ் நிறுவனம் வாங்கிவிட்டது. எந்திரங்கள் கப்பலேறித் தைவான் போயின. அதனால் 57-ஆம் வருஷத்து ஹப்புக்கு இன்றைக்கும் புது உதிரிபாகம் கிடைக்கிறது. கவலை வேண்டாம்.

சைக்கிள் தொழிலைப் பேசும்போது சிங்கப்பூருக்கு அதில் என்ன இருக்கிறது என்று பலபேர் கேட்பார்கள். நான் ஜூரோங்கில் இருபத்தெட்டு வருஷம் உலோகம் அழுத்தும் வேலை பார்த்தவன், அதனால் இது எனக்கு நெருக்கமான விஷயம். ஷிமானோ தன் முதல் வெளிநாட்டுத் தொழிற்சாலையை 1973-ல் திறந்தது இங்கேதான். ஜப்பானில் சக்காய் என்ற ஊரில் 1921-ல் தொடங்கிய கம்பெனி அது. சக்காய் பல நூற்றாண்டுகளாகக் கத்திக்கும் துப்பாக்கிக்கும் பேர்போன ஊர். துப்பாக்கி வேலை போனபிறகு அந்தக் கொல்லர்கள் சைக்கிள் பாகத்துக்கு மாறினார்கள். ஷிமானோ முதலில் செய்தது ஃப்ரீவீல், மிதிக்காதபோது கடகடவென்று சத்தம் போடுமே, அது.

இரும்பைச் சூடாக்காமல் அப்படியே அச்சில் வைத்து அழுத்தி வடிவத்துக்குக் கொண்டுவருவதில்தான் அவர்கள் பலம். நான் பார்த்த வேலையும் அதுவே. ஒரு உருண்டைக் கட்டியை அச்சில் வைப்போம். தடால் என்று ஒரு அடி, காலுக்குக் கீழே தரை அதிரும், கட்டி பல்சக்கரமாக வெளியே வந்து விழும். தொட்டுப் பார்த்தால் கையைச் சுடும். நெருப்பே வைக்கவில்லை, அழுத்தத்தில் வந்த சூடு. சிராய் சீவி எடுப்பதைவிட இப்படிச் செய்தால் இரும்பும் வீணாகாது, பல்லும் உறுதி. உலகத்தில் எங்கோ ஒருவர் மலையேறும்போது கியர் மாற்றுகிறார் என்றால் அந்தப் பாகம் ஜூரோங்கிலிருந்து போயிருக்கலாம். நம் பிள்ளைகளுக்கு இது தெரிய வேண்டும்.

மீனா_தெம்பனிஸ்:
அருமையான இழை. நான் பள்ளியில் வரலாறு சொல்லிக்கொடுக்கிறேன். இந்த மாதிரி வண்டிகளைப் பார்த்தால் என் கண் முதலில் டயருக்குத்தான் போகும்.

பெல்ஃபாஸ்டில் கால்நடை மருத்துவராக இருந்த டன்லப், தன் மகனின் மூன்று சக்கர வண்டிக்காகக் காற்றடைத்த டயர் செய்து 1888-ல் காப்புரிமை எடுத்தார். அதே 1888-ல் ஹென்றி ரிட்லி என்ற தாவரவியலாளர் சிங்கப்பூருக்கு வந்து பூமலைத் தோட்டத்தின், அதாவது தாவரவியல் பூங்காவின், பொறுப்பை ஏற்றார். அங்கே 1877-ல் லண்டனின் கியூ தாவரவியல் தோட்டத்திலிருந்து வந்த 22 ரப்பர் கன்றுகளின் வழிவந்த மரங்கள் இருந்தன. யாருக்கும் அவற்றில் அக்கறை இல்லை. மரத்தைக் கொல்லாமல், பட்டையை மீன்முள் மாதிரி சாய்வாகக் கீறி, தினமும் பால் எடுக்கும் வழியை ரிட்லி கண்டுபிடித்தார். பார்க்கிற தோட்டக்காரரிடமெல்லாம் ரப்பர் விதையை நீட்டியதால் அவரைக் கிறுக்கன் என்றே சொன்னார்களாம்.

பெல்ஃபாஸ்டில் ஒரு சிறுவனின் வண்டி குலுங்காமல் ஓட வேண்டும் என்று தொடங்கியது, நம் முப்பாட்டன்களைக் கப்பலேற்றி மலாயாத் தோட்டத்துக்குக் கொண்டுவந்தது. விடியுமுன் எழுந்து பால் வெட்டிய கைகள் நம்முடையவை. சைக்கிள் வரலாறு என்றால் ஐரோப்பியக் கண்டுபிடிப்பாளர்களின் பட்டியலோடு நிறுத்திவிடுகிறார்கள். அந்த டயருக்குப் பால் எடுத்தவர்களையும் அதில் எழுத வேண்டும் என்பது என் கருத்து.

ஜூரோங்_ராஜன்:
மீனா டீச்சர், உங்கள் உணர்வோடு நான் முழுக்க உடன்படுகிறேன். ஆனால் இரண்டு இடத்தில் திருத்தம் தேவை.

ஒன்று, காற்றடைத்த டயரை டன்லப்புக்கு நாற்பது வருஷம் முன்பே ராபர்ட் தாம்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் செய்துவிட்டார். 1840-களிலேயே காப்புரிமையும் எடுத்திருந்தார். அதனால் டன்லப்பின் காப்புரிமை பிறகு செல்லாமல் போனது. தாம்சன் காலத்தில் டயருக்கு ஏற்ற சைக்கிள் இல்லை, அவ்வளவுதான்.

இரண்டு, தோட்டங்களுக்கு நம் மக்கள் பெருமளவில் வந்ததற்குக் காரணம் சைக்கிள் டயர் மட்டும் இல்லை. 1910 வாக்கில் ரப்பர் விலை எகிறியது கார் டயரால். அதோடு, ரப்பருக்கு முன்பே கரும்பு, காப்பித் தோட்டங்களுக்குத் தமிழர்களை ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுவந்தார்கள். மலாயாவுக்கு அந்த ஒப்பந்த முறை 1910-ல் நின்றது. ரப்பர் காலத்தில் பெரும்பாலோர் கங்காணிகள் மூலம் வந்தவர்கள்.

மீனா_தெம்பனிஸ்:
திருத்தத்துக்கு நன்றி அண்ணா, ஏற்றுக்கொள்கிறேன். கங்காணி விஷயத்தை நான் விட்டிருக்கக் கூடாது, என் கொள்ளுத்தாத்தாவே அப்படி வந்தவர்தான். ஆனாலும் ரப்பரின் முதல் பசி 1890-களின் சைக்கிள் மோகத்தில்தான் வந்தது. கார் அப்புறம் அந்த வழியில் வந்து உட்கார்ந்தது. அதை விட்டுக்கொடுக்க மாட்டேன்.

காற்றடைத்த டயர் எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள். 1817-ல் ஜெர்மனியில் டிரைஸ் செய்த வண்டிக்குப் பெடலே கிடையாது, காலால் தரையை உந்த வேண்டும். பிரான்ஸில் 1860-களில் பெடல் வந்தது, ஆனால் முன்சக்கரத்திலேயே பூட்டியிருந்தார்கள். ஒரு மிதிக்குச் சக்கரம் ஒரு சுற்றுதான். வேகம் வேண்டுமென்றால் சக்கரத்தைப் பெரிதாக்கு, அப்படித்தான் ஆளுயரச் சக்கரம் வந்தது. கல் இடறினால் தலைகுப்புற விழ வேண்டியதுதான். 1885-ல் இங்கிலாந்தின் கவென்ட்ரியில் ஜான் கெம்ப் ஸ்டார்லி, பெடலை நடுவில் வைத்துச் சங்கிலியால் பின்சக்கரத்தை ஓட்டினார். சக்கரம் இரண்டும் கிட்டத்தட்ட ஒரே அளவு. சிறிய சக்கரம் குழியில் அதிகம் குலுங்கும், அதற்கு மருந்தாக மூன்றே வருஷத்தில் டன்லப்பின் டயர். செம்பவாங் தம்பியின் தாத்தா வண்டிக்கும் ஸ்டார்லியின் வண்டிக்கும் எலும்புக்கூடு ஒன்றுதான்.

ஜூரோங்_ராஜன்:
அந்தக் கவென்ட்ரியில் முதலில் தையல் மெஷின் செய்தார்கள். 1860-களின் கடைசியில் அதே பட்டறை சைக்கிளுக்கு மாறியது. பர்மிங்ஹாமில் பிஎஸ்ஏ, நம் ஊரில் எல்லாரும் ஓட்டிய அதே பிஎஸ்ஏ, துப்பாக்கிக் கம்பெனி. முத்திரையைப் பாருங்கள், மூன்று துப்பாக்கியைச் சாய்த்து நிறுத்தியிருக்கும். சக்காயிலும் துப்பாக்கி, பர்மிங்ஹாமிலும் துப்பாக்கி. குழாயை நேராகத் துளைக்கத் தெரிந்தவனுக்குச் சைக்கிள் கைவந்துவிடுகிறது.

கல்லாங்_பாட்டி_பேத்தி:
எல்லாரும் சந்தோஷமாகப் பேசுகிறீர்கள், நான் ஒரு கசப்பான நினைவைப் போடலாமா? என் பாட்டி ஜொகூரில் சிறுமியாக இருந்தபோது ஜப்பானியர் வந்தார்கள். சைக்கிளில்தான். 1941 டிசம்பர் 8-ல் கோத்தா பாருவிலும் தென் தாய்லாந்திலும் இறங்கியவர்கள் எட்டு வாரத்துக்குள் ஜொகூர் பாலம்வரை வந்துவிட்டார்கள். வழியில் பிரிட்டிஷ் படை ஆற்றுப் பாலத்தை உடைத்தால் சைக்கிளைத் தோளில் தூக்கிக்கொண்டு ஆற்றைக் கடந்தார்கள். போருக்கு முன்பு மலாயாவில் மலிவான ஜப்பான் சைக்கிள்கள் நிறைய விற்றிருந்ததால் உடைந்த பாகத்துக்கு மாற்று எந்தச் சிற்றூரிலும் கிடைத்தது. கிடைக்காத இடத்தில் வீட்டில் இருந்ததைப் பறித்துக்கொண்டார்கள்.

வெயிலில் டயர் வெடித்தால் கழற்றி எறிந்துவிட்டு வெறும் ரிம்மில் ஓட்டினார்கள். தார் ரோட்டில் நூறு சைக்கிள் அப்படி வந்தால் இராத்திரியில் டாங்கி வருவது மாதிரியே கேட்குமாம். பாட்டி தொண்ணூறு வயதிலும் சைக்கிள் ரிம் தரையில் உரசும் சத்தம் கேட்டால் எழுந்து கதவைச் சாத்துவார். இதையும் சைக்கிள் வரலாற்றில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பழையவண்டி:
சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான் அம்மா. என் அப்பாவும் அந்தச் சத்தத்தைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்.

அவர் சொன்ன இன்னொன்று: ஜப்பானியர் காலத்தில் பெட்ரோல் இல்லாமல் ஊரே திரிஷாவுக்கு மாறியதாம். சைக்கிளின் பக்கவாட்டில் ஒரு பெட்டியைப் பூட்டினால் திரிஷா. போர் முடிந்து 1947-ல் ஆள் இழுக்கும் ரிக்‌ஷாவை நிறுத்தினார்கள், மிதிக்கும் திரிஷா தங்கிவிட்டது.

நான் கடையில் சேர்ந்த காலத்தில் எங்களுக்குப் படியளந்தவர்கள் ரொட்டிக்காரர்களும் பால்காரர்களும்தான். ரொட்டிக்காரர் வண்டியின் பின்னால் பெரிய தகரப் பெட்டி இருக்கும். அந்தக் கனத்துக்குக் கேரியர் கால் எப்போதும் ஒரே இடத்தில், அச்சுக்கு இரண்டு விரல் மேலே, விரிசல் விடும். பற்றவைத்தால் மறுபடி விடும். என் முதலாளி அந்த இடத்தில் ஒரு தடித்த தகட்டை மடித்துப் போர்த்திப் பற்றவைப்பார். அதற்கப்புறம் பெட்டி துருப்பிடித்தாலும் கேரியர் போகாது. அதை நான் எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை.

துவாஸ்_முத்து:
எல்லாருக்கும் வணக்கம். நான் புதுக்கோட்டைப் பக்கம். இங்கே துவாஸில் கப்பல் பட்டறையில் வேலை. நீங்கள் எல்லாம் பழைய கதை பேசுகிறீர்கள், எங்களுக்குச் சைக்கிள் இன்றைக்கும் அன்றாடம். விடுதியிலிருந்து சாப்பாட்டுக் கடைக்கு, ஃபெர்ரி இறங்கும் இடத்துக்கு, ஞாயிற்றுக்கிழமை நண்பன் விடுதிக்கு, எல்லாம் சைக்கிள்தான். ஊருக்குப் போகிறவரிடம் 60 வெள்ளிக்கு வாங்கினேன். அவர் அவருக்கு முந்தியவரிடம் வாங்கினார். முன்பெல்லாம் சுங்கை ரோடு சந்தையில் வாங்குவோம் என்று மூத்தவர்கள் சொல்வார்கள், அதுவும் 2017-ல் மூடிவிட்டது.

எங்கள் அம்மாவுக்குச் சைக்கிள் சொல்லிக்கொடுத்தது அறிவொளி இயக்கம். 1991-லிருந்து. ஷீலா ராணி சுங்கத் அம்மா கலெக்டராக இருந்தார். எழுத்தோடு சேர்த்துச் சைக்கிளும் கற்றுக்கொடுத்தார்கள். ஊரில் அத்தனை பேரும் சிரித்தார்களாம். கல் குவாரிக்குப் போன பெண்கள், பூ விற்கிறவர்கள், ஆயிரக்கணக்கில் ஓட்டினார்கள். லேடிஸ் சைக்கிள் கிடைக்கவில்லை என்றால் ஆண்கள் வண்டியையே எடுத்துக்கொண்டார்கள். அதுவே வசதி என்பார் அம்மா, பாரில் என்னை உட்கார வைத்து, கேரியரில் குடத்தைக் கட்டிக்கொள்ளலாம். நான் வளர்ந்ததே அந்தப் பாரில்தான். அதனால் சைக்கிளைக் காரங்குனிக்குப் போடுவது என்று படித்ததும் என்னவோ போல் ஆகிவிட்டது.

செம்பவாங் அண்ணே, உங்கள் டயர் அளவு என்ன? பக்கவாட்டில் எழுதியிருக்கும்.

செம்பவாங்_பேரன்:
முத்து, உங்கள் அம்மாவைப் பற்றிப் படித்து என் அம்மாவுக்கும் வாசித்துக் காட்டினேன். காரங்குனிப் பேச்சை அவர் இப்போது எடுப்பதில்லை.

டயரில் 28-க்கு ஒன்றரை என்று இருக்கிறது. இரண்டு கடையில் கேட்டேன், அந்த அளவு வருவதில்லை என்றார்கள்.

துவாஸ்_முத்து:
அது ஊரில் எந்தச் சைக்கிள் கடையிலும் தொங்குகிற டயர் அண்ணே. நம் பெரிய வண்டிக்கெல்லாம் அதே அளவுதான். அடுத்த வாரம் லீவில் போகிறேன், வரும்போது இரண்டு டயர், இரண்டு ட்யூப், கொஞ்சம் வால் ட்யூப் எல்லாம் வாங்கிவருகிறேன். பிரேக் கட்டையும் வேண்டுமா?

ஜூரோங்_ராஜன்:
இதில் இன்னொரு சுற்று இருக்கிறது, கவனித்தீர்களா? இங்கிலாந்தின் டியூப் இன்வெஸ்ட்மென்ட்ஸ், சென்னை முருகப்பா குடும்பத்தோடு சேர்ந்து 1949-ல் டிஐ சைக்கிள்ஸைத் தொடங்கியது. அம்பத்தூரில் தொழிற்சாலை. ஹெர்குலிஸும் பிஎஸ்ஏவும் அங்கேதான் செய்தார்கள். அதே டியூப் இன்வெஸ்ட்மென்ட்ஸோடுதான் 1960-ல் ராலேயும் இணைந்தது. நாட்டிங்ஹாமில் கடை சாத்திவிட்டார்கள், அந்த அளவு டயர் புதுக்கோட்டையில் உயிரோடு இருக்கிறது.

செம்பவாங்_பேரன்:
முத்து, பிரேக் கட்டை நாலும் வேண்டும். எவ்வளவு ஆகும் என்று சொல்லுங்கள், முன்கூட்டியே அனுப்பிவிடுகிறேன்.

பழையவண்டி ஐயா, ஒரு சிக்கல். பெடல் கட்டையைக் கழற்றலாம் என்று பார்த்தேன். ஒரு ஆணி மாதிரி குறுக்கே போகிறது, நட்டைக் கழற்றியும் வெளியே வரவில்லை. சுத்தியலால் தட்டினேன், அசையவில்லை.

பழையவண்டி:
நிறுத்துங்க! அது காட்டர் பின், பெடல் மாட்டியிருக்கும் கையை, அதாவது கிராங்க்கை, நடு அச்சோடு பூட்டுவது. ஒரு பக்கம் சாய்வாகச் சீவியிருக்கும், ஆப்பு மாதிரி இறுகி உட்கார்ந்திருக்கும். சின்னச் சின்னதாகத் தட்டினால் மரை நசுங்கிக் காளான் மாதிரி விரியும், அப்புறம் துளைபோட்டுத்தான் எடுக்க வேண்டும்.

நட்டை முழுக்கக் கழற்றாமல், பின்னின் நுனியோடு மட்டமாக நிற்கும்படி திருப்பி வையுங்க. துரு நீக்கும் எண்ணெய் விட்டு ஒரு ராத்திரி ஊறட்டும். மறுநாள் கிராங்க்குக்கு நேர் கீழே ஒரு இரும்புக் குழாயைத் தரையிலிருந்து முட்டுக்கொடுங்க. பின் கீழே இறங்க அந்தக் குழாயின் ஓட்டை வேண்டும். இது முக்கியம். முட்டு இல்லாமல் அடித்தால் அடி முழுக்க உள்ளே பால்ரஸ்ஸுக்குப் போகும். அப்புறம் கனமான சுத்தியலால் ஒரே அடி. தயங்காமல் அடிக்கணும். அந்த ஹப்பில் எண்ணெய் விட ஒரு குட்டி மூடி இருக்கும், அதில் மெல்லிய எஞ்சின் ஆயில் ஒரு டீஸ்பூன். கிரீஸ் வேண்டாம், தேங்காயெண்ணெய் வேண்டவே வேண்டாம்.

செம்பவாங்_பேரன்:
மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன். காட்டர் பின் ஒரே அடியில் வந்துவிட்டது ஐயா. அடுக்குமாடியின் கீழ்த்தளத் திறந்தவெளியில், வாய்டு டெக்கில், நின்ற அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். முத்து டயரோடு நேரில் வந்தார், காசு வாங்க மறுத்துவிட்டார், அம்மா சோறு போட்டுத்தான் அனுப்பினார். இருவரும் சேர்ந்து டயர் மாட்டினோம். முன்சக்கரத்தில் கொஞ்சம் கோட்டம் இருந்தது, முத்துவே கம்பியை இறுக்கி எடுத்துவிட்டார். இராத்திரி ஓட்ட முன்னும் பின்னும் விளக்கு போட்டாயிற்று. நடைபாதையில் மணிக்கு 10 கிலோமீட்டருக்கு மேல் கூடாதே, இந்த வண்டிக்கு அது பொருத்தமான வேகம்தான்.

நேற்று மாலை வெள்ளோட்டம். இரண்டாவது, மூன்றாவது கியரில் ஹப்புக்குள்ளிருந்து டிக் டிக் டிக் என்று சத்தம் வருகிறது. முதல் கியரில் வருவதில்லை. ஏதாவது கோளாறா ஐயா? ஆனால் வண்டியை நடைவழியில் தள்ளிக்கொண்டு வரும்போது அம்மா உள்ளேயிருந்து, சின்ன வயதில் இந்தச் சத்தம் கேட்டால்தான் அடுப்பில் தண்ணி வைப்பேன் என்றார்.

பழையவண்டி:
கோளாறு இல்லை தம்பி. அது உள்ளே இருக்கும் கொக்கி பல்லில் தாவுகிற சத்தம். அப்படித்தான் இருக்கணும். சத்தம் நின்றால்தான் எண்ணெய் இறுகிக் கொக்கி ஒட்டிக்கொண்டது என்று அர்த்தம்.

புக்கிட்_பாத்தோக்_சேகர்:
இந்த இழையை முதலிலிருந்து படித்துவிட்டுக் கேட்கிறேன். எங்கள் மாமனார் வீட்டிலும் இதே மாதிரி ஒன்று, ஹப்பில் 62 3 என்று இருக்கிறது. ஐயா, ஞாயிற்றுக்கிழமை கொண்டுவந்தால் ஒரு பார்வை பார்ப்பீர்களா?

பழையவண்டி:
கொண்டுவாங்க. காலையிலேயே வாங்க, வெயில் ஏறிவிடும். காட்டர் பின்னை மட்டும் நீங்கள் தொடாதீங்க.